ஷாட்டை முடிச்சிட்டு வரேன்

"பத்து மணிக்கு வர்றவங்களுக்கு விடிஞ்சும் விடியாம எதுக்கு அண்ணி நாற்காலியெல்லாம் நகத்தணும்? வர்றது டிவிக்காரங்களா, இல்ல வீட்ட விலைக்குக் கேக்க வர்றவங்களா?"

கூடத்திலிருந்து நாத்தனாரின் குரல் வந்தது. குரலோடு நாற்காலி இழுபடும் சத்தமும் வந்தது. எதற்கு என்று கேட்டுக்கொண்டே அவளேதான் நகர்த்திக்கொண்டிருந்தாள்.

அடுப்படியில் நின்ற நர்ஸம்மா பதில் சொல்லவில்லை. இந்த வீட்டில் அவள் பதில் சொன்னால் அது வசனமாகிவிடும். கண் கலங்கினால் நடிப்பாகிவிடும். வாயை மூடிக்கொண்டிருப்பதில் மட்டும்தான் யாருக்கும் சந்தேகம் வராது.

மகள் தன் அறை வாசலில் வந்து நின்றாள். முப்பத்து மூன்று வயது. கணக்கு டீச்சர். கணவன் கப்பலில் வேலை பார்ப்பதால் வருடத்தில் பாதி நாள் இந்த வீட்டில்தான் இருப்பு. கையில் திருத்த வேண்டிய பரீட்சைத் தாள்களின் கட்டு இருந்தது.

"அவங்க போற வரைக்கும் நான் ரூம விட்டு வெளிய வரமாட்டேன். பொண்ணு எங்கன்னு கேட்டா ஊர்ல இல்லன்னு சொல்லிடு."

"ஒரு நிமிஷம் வந்து நின்னாப் போதும்னு அந்தப் பொண்ணு போன்ல கேட்டுச்சும்மா... நீ எதுவும் பேச வேண்டாம். சும்மா என் பக்கத்துல..."

"சும்மா நிக்கறதுக்கு நான் என்ன ஜூனியர் ஆர்ட்டிஸ்ட்டா? ஊர்ல இல்லன்னு சொல்லு, நம்பிடுவாங்க. நம்புற மாதிரி சொல்றதுக்கு உன்ன விட்டா இந்த வீட்டுல யாரு இருக்கா!"

கதவு சாத்திக்கொண்டது.

"கேட்டுச்சா அண்ணி?" என்றாள் நாத்தனார். "பெத்த பொண்ணே பக்கத்துல நிக்க மாட்டேங்குது. ஊரைக் கூட்டி பேட்டி வேற! எங்கண்ணன் மட்டும் இருந்திருந்தா..."

அந்த வாக்கியத்தை நாத்தனார் எப்போதும் முடிப்பதில்லை. முடிக்காமல் விட்டால்தான் நன்றாகக் குத்தும் என்று அவளுக்குத் தெரியும். ஜன்னலோரம் ரேடியோ கேட்டுக்கொண்டிருந்த நாத்தனாரின் கணவர் சத்தத்தைக் கொஞ்சம் கூட்டி வைத்தார். அண்ணன் பேச்சு எழும்போதெல்லாம் அவருக்கு ரேடியோவில் ஏதாவது முக்கியமாகிவிடும்.

*

நர்ஸம்மா என்பது பெற்றவர்கள் வைத்த பெயர் இல்லை. முப்பத்தோரு வருடம் முன்பு, படப்பிடிப்புக் கம்பெனியில் மேனேஜராக இருந்த இதே நாத்தனார் கணவர், ஒருநாள் வேர்க்க விறுவிறுக்க வீட்டுக்கு ஓடிவந்தார். நர்ஸ் வேடத்துக்கு வரவேண்டியவள் வரவில்லை, தைத்த உடுப்பு மட்டும் காத்திருக்கிறது. "தங்கச்சி, உன் அளவுதான். ஒரே ஒரு வசனம். ‘டாக்டர், நாடி இறங்குது.’ காலையில போயிட்டு மதியம் வந்துடலாம்."

ஒரு நாளைக்கு என்று போனவள் அந்தத் தொடரில் நான்கு வருடம் நாடி பிடித்தாள். தெரு முழுக்க நர்ஸம்மா என்றே அழைத்தது. குழந்தைக்குக் காய்ச்சல் என்றால் தூக்கிக்கொண்டு இவளிடம் ஓடிவந்தார்கள். எனக்கு ஊசி பிடிக்கவே தெரியாது என்றால், "அதெல்லாம் டிவியில பார்த்தோமே" என்பார்கள்.

பிறகு என்னென்னவோ ஆனாள். நாயகனின் அம்மாவாக ஒருநாளும் ஆனதில்லை. நாயகனுடைய நண்பனின் அம்மாவாக ஆனாள். பக்கத்து வீட்டுக்காரி, விடுதிக் காப்பாளர், பிள்ளையைப் பறிகொடுத்தவள், பைத்தியம் பிடித்தவள். ஒருமுறை நீதிபதி, "அமைதி, அமைதி" என்று இரண்டு தடவை சொன்னாள். இரண்டு படங்களில் ஆளாகக்கூட வரவில்லை, சுவரில் மாட்டிய போட்டோவாக வந்தாள். ஒரு தொடரில் திங்கட்கிழமை செத்து, தயாரிப்பாளர் மனம் மாறியதில் வியாழக்கிழமை பிழைத்தாள். எழுத்துப் போடும்போது அவள் பெயர் "மற்றும் பலர்" என்பதற்குள் எங்கேயோ அடங்கியிருக்கும்.

ஆனால் தொழில் தெரிந்தவர்களுக்கு அவளைத் தெரியும். கண்ணில் கிளிசரின் விடாமல் அழக்கூடியவள். "இந்தச் சொல்லில் கண்ணீர் விழணும்" என்று இயக்குநர் சொன்னால் அந்தச் சொல்லில் விழும். முன்னால் நிற்கிற பெரிய நடிகர் ஒன்பது தடவை வசனத்தை மறந்தாலும் பத்தாவது தடவையும் அதே சொல்லில், அதே கண்ணில்.

அந்தத் திறமைதான் வீட்டில் அவளுக்கு வினையாக வந்தது.

*

அவள் கணவர் பேருந்து ஓட்டியவர். இதயம் பலவீனம் என்று மருத்துவர் சொன்னதும் ஸ்டியரிங்கை விட்டு வீட்டோடு இருந்தார். இருபது வருடம் முன்பு ஒரு காலையில் அவள் கிளம்பத் தயங்கி நின்றபோது, போ என்று தள்ளிவிட்டவரே அவர்தான்.

"இன்னிக்கு என்ன வேஷம்?"

"புருஷன் செத்துக் கெடக்கான். விழுந்து அழணும்."

"நல்லா அழுது பழகு. பின்னாடி உதவும்."

"நாக்குல சனி!" என்று அவர் தோளில் ஒரு அடி போட்டுவிட்டுத்தான் போனாள்.

பத்தரை மணிக்கு அவருக்கு நெஞ்சு வலித்தது. நாத்தனார் அப்போது ஆறு மாதக் கர்ப்பிணி. முன்பு இரண்டு முறை கலைந்துபோனதால் படுக்கையை விட்டு இறங்கக் கூடாது என்று மருத்துவர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். வீட்டில் போன் கிடையாது. அக்கம்பக்கத்தார் அவரைக் காரில் ஏற்றிக்கொண்டு மருத்துவமனைக்கு ஓடினார்கள். கூடப் போனது பதின்மூன்று வயது மகள் ஒருத்திதான். மதியம் இரண்டு மணிக்கு அவர் உயிர் பிரிந்தது. நர்ஸம்மா வந்தது சாயங்காலம் ஐந்தரைக்கு. முகத்தில் வேஷம் கலையாமல், நாளெல்லாம் ஒரு பொய்ப் பிணத்தின்மேல் விழுந்து அழுது வீங்கிய கண்ணோடு வந்தாள்.

"எனக்குத் தெரியாதுடி... சத்தியமா இப்பத்தான்டி எனக்குத் தெரியும்..." என்று மகளை அணைக்கப் போனாள்.

"நடிக்காத!" என்று அந்தக் கைகளைத் தட்டிவிட்டுக் கத்தினாள் அந்தச் சிறுமி. "இங்க கேமரா இல்ல!"

கூடியிருந்தவர்கள் எல்லாரும் கேட்டார்கள். அன்றிலிருந்து நர்ஸம்மா வீட்டில் அழுததே இல்லை.

மூன்றாம் நாள், துணி துவைக்கிற இடத்தில் மேனேஜர் அவள் எதிரே வந்து நின்றார்.

"தங்கச்சி... பதினோரு மணிக்கே போன் வந்தது. நான்தான் எடுத்தேன். உங்கிட்ட சொல்லல."

அவள் கையிலிருந்த ஈரத்துணி அப்படியே நின்றது.

"ரெண்டு தடவ இதே மாதிரி வலின்னு ஓடி, வெறும் வாய்வுன்னு திருப்பி அனுப்பிட்டாங்களே... இதுவும் அப்படித்தான்னு நெனச்சுட்டேன்மா. அந்த பங்களா அன்னிக்கு ஒரு நாள்தான் கெடைச்சது. நீ எழுந்து போயிட்டா மொத்த வேலையும் நின்னுடும், பழி என் தலையில விழும்னு... இவ்வளவு தூரம் ஆகும்னு நான் நெனைக்கலையே! உன் நாத்தனாருக்கு இது தெரிஞ்சா என்கூட ஒரு நாள் வாழ மாட்டா. அண்ணன்னா அவளுக்கு உசுரு. இப்ப இருக்கற நெலமையில அந்தக் கொழந்தையும்..."

நர்ஸம்மா துணியைப் பிழிந்தாள்.

"அவ காதுக்கு இது போக வேண்டாம்ணே. கொழந்த நல்லபடியாப் பொறக்கட்டும்."

பையன் பிறந்தான். பால் மறக்கட்டும் என்று காத்திருந்தாள். நடக்கட்டும், பள்ளிக்கூடம் போகட்டும் என்று காத்திருந்தாள். உண்மைக்கும் ஒரு பருவம் உண்டு. பருவம் தப்பிய பிறகு சொன்னால், இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்ற கேள்விதான் முதலில் வரும். அந்தப் பையன் இப்போது வெளியூரில் கல்லூரி முடிக்கப் போகிறான். நோயாளிப் புருஷனைச் சின்னப் பெண்ணிடம் விட்டுவிட்டு வேஷம் கட்டப் போனவள் என்ற பேச்சை, அவனைப் பெற்றவள் வாயாலேயே இருபது வருடம் கேட்டுக்கொண்டு நர்ஸம்மா அவனுக்குச் சோறு ஊட்டினாள்.

கணவர் போன இரண்டாம் மாதம் ஒரு இயக்குநர் வீடு தேடி வந்தார். கதையே ஒரு அம்மாவைச் சுற்றித்தான். சுவரொட்டியில் அவள் முகம் ஒன்று மட்டும்தான் இருக்கும். வெளியூரில் நாற்பத்தைந்து நாள் படப்பிடிப்பு.

"போ," என்றாள் மகள். "ஆனா நீ திரும்பி வரும்போது நான் இந்த வீட்டுல இருக்க மாட்டேன்."

நர்ஸம்மா போகவில்லை. வேறொருத்தி போனாள். இன்றைக்கும் அந்த அம்மாள் ஒரு கூட்டத்துக்குள் நுழைந்தால் இருக்கிறவர்கள் எழுந்து நிற்கிறார்கள்.

*

டிவிக்காரர்கள் மூன்று பேர் வந்தார்கள். பேட்டி எடுக்கும் பெண்ணுக்கு இருபத்தைந்து வயதுதான் இருக்கும். முகம் தெரியும், பெயர் தெரியாது என்கிற கலைஞர்களைப் பற்றிய நிகழ்ச்சி. கூடத்தில் விளக்கைப் பொருத்தினார்கள். நாத்தனார் அடுப்படி வாசலில் நின்றுகொண்டாள். மேனேஜர் ரேடியோவை நிறுத்திவிட்டு ஜன்னலோர நாற்காலியிலேயே இருந்தார்.

அந்தப் பெண் நன்றாகத் தயார் செய்துகொண்டு வந்திருந்தாள். நர்ஸம்மாவுக்கே மறந்துபோன வேடங்களையெல்லாம் சொல்லிச் சொல்லிக் கேட்டாள். "அந்த போட்டோவா வந்த படத்தக்கூட தேடிப் பாத்தேம்மா" என்றபோது கேமராக்காரர் வாய்விட்டுச் சிரித்தார். நர்ஸம்மாவும் சிரித்தாள். அவள் பற்கள் தெரிய நாத்தனார் பார்த்துப் பல வருடம் ஆகியிருந்தது.

"குடும்பம் எப்படிம்மா துணையா இருந்தாங்க? சாருக்கு அப்புறம்?"

நர்ஸம்மா கையைப் பிசைந்தாள்.

"அவரு போன பிறகு என் பொண்ணுதான் எனக்கு எல்லாம். அவ என்னை ஒருநாளும் ஒரு வார்த்த குறை சொன்னதில்ல. தங்கமான பொண்ணு."

அறைக் கதவு திறந்தது.

"எதுக்கும்மா இந்தப் பொய்?" மகள் கூடத்தின் நடுவில் வந்து நின்றாள். கையில் சிவப்புப் பேனா இருந்தது. "இத்தன பேரு பாக்கற டிவியிலயுமா?"

"கண்ணு, உள்ள போ... அப்புறம் பேசிக்கலாம்..."

"உண்மைய நானே சொல்றேன். எழுதிக்குங்க." பேட்டி எடுக்கும் பெண்ணைப் பார்த்துத்தான் பேசினாள், ஆனால் கண் அம்மாவை விட்டு அகலவில்லை. "எங்கப்பா நெஞ்சு வலியோட ஆஸ்பத்திரியில கெடந்தப்ப, அங்க இருந்த போன்ல நான்தான் ஷூட்டிங்குக்குப் பேசினேன். எனக்குப் பதிமூணு வயசு. அம்மாவ உடனே வரச் சொல்லுங்கன்னு அழுதேன். இவங்க என்ன பதில் சொல்லி அனுப்பினாங்க தெரியுமா? ‘ஷாட்டை முடிச்சிட்டு வரேன்.’ அவ்வளவுதான். மூணு மணி நேரம் அப்பா வாசலப் பாத்துக்கிட்டே இருந்தாரு. மூணு மணி நேரம்!"

"என்னடி சொல்ற?" நாத்தனார் அடுப்படி வாசலிலிருந்து முன்னால் வந்தாள். "லைனே கெடைக்கலன்னுதானே எங்கிட்ட சொன்ன?"

"பொய் சொன்னேன் அத்தை. அம்மா இப்படிச் சொன்னாங்கன்னு தெரிஞ்சா நீங்க அவங்கள இந்த வீட்டுல வாழ விட்டிருப்பீங்களா? அப்பா போயாச்சு, அம்மாவும் போயிட்டா எனக்கு யாரு இருக்கா? அதான் லைன் கெடைக்கலன்னு சொன்னேன். யார்கிட்டயும் சொல்லல. இருபது வருஷமா நெஞ்சுலயே வெச்சிருக்கேன்!"

நர்ஸம்மாவுக்குக் காதில் எதுவும் விழவில்லை. ஒரு வாக்கியம் மட்டும் சுற்றிச் சுற்றி வந்தது. ஷாட்டை முடிச்சிட்டு வரேன். நானா? யாரிடம் சொன்னேன்? எப்போது சொன்னேன்?

மெல்லத் திரும்பி ஜன்னலோரம் பார்த்தாள். மேனேஜரின் முகம் வெளுத்துப் போயிருந்தது.

புரிந்துவிட்டது. போனை மறைத்தது மட்டும் இல்லை. தான் சொல்லாத ஒரு வார்த்தையை, தன் வாயில் வைத்து, பெற்ற பெண்ணின் காதில் போட்டிருக்கிறார்! அன்றைக்கு இவள் "நடிக்காத" என்று கத்தியது அதனால்தான். இத்தனை வருட வெறுப்பும் அந்த மூன்று சொல்லால்தான்.

"கேமராவ நிறுத்தும்மா," என்றாள் நர்ஸம்மா. குரல் தணிந்துதான் வந்தது. ஆனால் விளக்குப் பிடித்தவர்கூட உடனே விளக்கை அணைத்துவிட்டார். பேட்டி எடுக்க வந்த பெண், "எடுத்ததயும் அழிச்சிடறோம்மா" என்று சொல்லிவிட்டு, தன் ஆட்களைக் கூட்டிக்கொண்டு வாசலுக்குப் போய்விட்டாள்.

"ஏன் நிறுத்தணும்?" மகளின் குரல் உயர்ந்தது. "இல்லன்னு சொல்லேன் பாப்போம்! நான் அப்படிச் சொல்லலன்னு ஒரு வார்த்த சொல்லேன்!"

நர்ஸம்மா வாயைத் திறந்தாள். எதிரே நாத்தனார் நின்றுகொண்டிருந்தாள். ஐம்பதைத் தாண்டிய முகம். தலையில் பாதி நரை. இவள் இனிமேல் எங்கே போவாள்? திறந்த வாயை நர்ஸம்மா மூடிக்கொண்டாள்.

"பாத்தீங்களா அத்தை? பதிலே இல்ல."

"இருக்கு."

மேனேஜர் ஊன்றுகோலைப் பிடித்து எழுந்தார். இரண்டு தடவை முயன்றுதான் நிற்க முடிந்தது.

"பதில் எங்கிட்ட இருக்கு. உங்கம்மா அந்த வார்த்தைய சொல்லல கண்ணு. அன்னிக்கு உங்கம்மாவுக்கு நீ போன் பண்ணினதே தெரியாது."

அவர் ஊன்றுகோலில் இரண்டு கையையும் ஊன்றிக்கொண்டார்.

"ஒரு நிமிஷம் இரும்மான்னு சொல்லி போன கீழ வெச்சேன். ரெண்டடி நடந்தேன். தூரத்துல உங்கம்மா அழுதுக்கிட்டு இருந்தா, மொத்த யூனிட்டும் அசையாம நின்னுக்கிட்டு இருந்தது. நான் போகல. திரும்பி வந்து போன எடுத்து... ‘சொல்லிட்டேன், ஷாட்டை முடிச்சிட்டு வராங்களாம்’னு சொன்னது நான். நானா கட்டின வார்த்த. சாயங்காலம் எல்லாம் முடிஞ்ச பிறகுதான் அவகிட்ட விஷயத்த சொன்னேன். சேதி அப்பத்தான் வந்ததுன்னு அதுலயும் பொய். மூணாம் நாள்தான் நெஜத்த சொன்னேன், அதுவும் பாதி நெஜம். இந்தப் பாவி பொழைக்கட்டும்னு, உங்கத்தை வயித்துல இருந்த கொழந்த பொழைக்கட்டும்னு, உங்கம்மா அன்னிக்கு வாய மூடினவதான்..."

மகளின் கையிலிருந்து பேனா நழுவித் தரையில் விழுந்து உருண்டது.

நாத்தனார் சுவரைப் பிடித்துக்கொண்டே சரிந்து உட்கார்ந்தாள்.

"எங்கண்ணன் மூணு மணி நேரம் உசுரோட கெடந்தானா? கூப்பிட்டா வர தூரத்துல இவங்க இருந்தாங்களா? தெரிஞ்சுக்கிட்டே எம்பக்கத்துல உக்காந்து என் தலைய தடவிக் குடுத்தீங்களே... அழாத அழாதன்னு சொன்னீங்களே! இருபது வருஷமா இந்த மகராசிய நான் பேசாத பேச்சா? ஒரு நாள்... ஒரே ஒரு நாள் என் வாய நீங்க அடைச்சிருக்கக் கூடாதா?" சட்டென்று அவள் குரல் மாறியது. "போங்க. வெளிய போங்க! உங்க மூஞ்சியில முழிக்க மாட்டேன்!"

மேனேஜர் ஊன்றுகோலோடு வாசல் பக்கம் திரும்பினார். நர்ஸம்மா குறுக்கே வந்து நின்றாள்.

"எங்கயும் போகாதீங்க, உக்காருங்க." நாத்தனாரிடம் திரும்பினாள். "போகச் சொல்லாத. நீங்க ரெண்டு பேரும் ஒண்ணா இருக்கணும்னுதான் நான் இத்தன வருஷம் பல்லக் கடிச்சேன். அத ஒரு நிமிஷத்துல ஒடச்சிட்டீன்னா நான் பட்டதுக்கு என்ன அர்த்தம்?"

"அண்ணி... நீங்க மனுஷியே இல்ல அண்ணி..."

"மனுஷிதான். அதனாலதான் இதயும் சொல்றேன்." மேனேஜரை நேராகப் பார்த்தாள். "போன மறச்சீங்க. அத அன்னிக்கே முழுங்கிட்டேன். ஆனா நான் சொல்லாத வார்த்தைய என் பொண்ணு காதுல போட்டீங்களே... பெத்தவ இப்படியும் சொல்லுவாளான்னு அந்தப் பச்சப் புள்ள எவ்வளவு துடிச்சிருக்கும்! இதுக்கு எனக்கு நாளாகும்ணே. மன்னிச்சுட்டேன்னு இப்ப சொன்னா, அதுதான் நடிப்பு."

மேனேஜர் தலையைக் குனிந்துகொண்டார். இந்த இருபது வருடத்தில் யாரும் அவரிடம் இவ்வளவு நேராகப் பேசியதில்லை. அவர் நாற்காலியில் உட்கார்ந்து இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார்.

நர்ஸம்மா மகள் நின்ற இடத்தைப் பார்த்தாள். அங்கே அவள் இல்லை. அறைக் கதவு மறுபடியும் சாத்தியிருந்தது.

*

தட்டாமல் உள்ளே போனாள். மகள் கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். சுற்றிலும் பரீட்சைத் தாள்கள். முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"கிட்ட வராதம்மா. நான் உன் மூஞ்சியப் பாக்க முடியாது."

"நீ என்னடி பண்ணின? சின்னப் பொண்ணு. சொன்னத நம்பின."

"அது மட்டும் இல்லம்மா." மகளுக்கு மூச்சு வாங்கியது. "மாமா மறைச்சாரு, நீ மறைச்ச. நானும் ஒண்ண மறைச்சிட்டேன். அப்பா உனக்குன்னு சொன்னத நான் உங்கிட்ட சொல்லவே இல்ல."

நர்ஸம்மா கட்டிலின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். தாள்கள் சரிந்து விழுந்தன; அவள் கவனிக்கவில்லை.

அவர் கடைசியாக என்ன பேசினார் என்று மகளிடம் கேட்க இருபது வருடமாக அவளுக்குத் தைரியம் வந்ததில்லை. என்ன பேசியிருப்பார்? வரவில்லையே என்று நினைத்துக்கொண்டுதானே கண்ணை மூடியிருப்பார்! ஒவ்வொரு தடவையும் கேமரா முன்னால் நின்று அவள் கண்ணீரை வரவழைத்தது அந்த ஒரு நினைப்பை வைத்துத்தான். அது யாருக்கும் தெரியாது.

"பேசினாரா? அவருக்கு... பேச்சு இருந்ததா?"

"இருந்தது. ஒரு மணி வரைக்கும் நல்லாவே பேசினாரு. அம்மா ஏன் இன்னும் வரலன்னு நான் அழுதேன். நீ சொல்லி அனுப்பினதா மாமா சொன்னத அவருகிட்ட சொல்ல எனக்கு மனசு வரல. அவரு என் கையப் பிடிச்சுக்கிட்டு..." நிறுத்தினாள். "அவரு சொன்னத நான் நம்பல. இந்த மனுஷனுக்கு ஒண்ணும் தெரியலயேன்னு நெனச்சேன். அதான் உங்கிட்ட சொல்லல. உனக்கு அதக் கேக்கறதுக்கு அருகதை இல்லன்னு நெனச்சேன்மா..."

"சொல்லுடி. என்ன சொன்னாரு? அவரு சொன்ன மாதிரியே சொல்லு. ஒரு சொல்லு மாத்தாத."

மகள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பேச ஆரம்பித்தபோது அவள் குரலில் வேறு யாரோ பேசுவதுபோல் இருந்தது.

"‘அம்மாவ தப்பா நெனைக்காத கண்ணு. அவளுக்குச் சேதி போயிருக்காது. போயிருந்தா செருப்புக்கூட போடாம ஓடி வந்திருப்பா.’ அப்படின்னாரு. அப்புறம் கொஞ்ச நேரம் கழிச்சு... ‘நான் போயிட்டா அவ வேலைய விட்டுடுவா. விட விடாத. என்னிக்காவது அவளுக்குன்னு ஒரு நல்ல வேஷம் தேடி வரும். அப்ப நீ அடம் பிடிக்காம போகச் சொல்லணும், என்ன?’ன்னு கேட்டாரு. நான் தலையாட்டினேன். தலையாட்டிட்டு... அந்த டைரக்டர் வந்தப்ப நான் என்ன சொன்னேன்? போனா நான் இருக்க மாட்டேன்னு... உன் வாழ்க்கையையே கெடுத்துட்டேனேம்மா! அப்பா சொன்னத நான் சொல்லியிருந்தா..."

நர்ஸம்மாவுக்கு அந்தப் படமும் வேஷமும் எங்கோ தூரத்தில் யாருக்கோ நடந்ததுபோல் இருந்தது. அவள் அதைப் பற்றிக் கேட்கவே இல்லை.

"சேதி போயிருக்காதுன்னு சொன்னாரா?"

"ஆமாம்மா."

"அவராவே சொன்னாரா? நீ கேக்காமலா?"

"அவராவேதான்."

"இன்னொரு தடவ சொல்லு."

மகள் சொன்னாள். நர்ஸம்மா உதட்டை அசைத்து அதைக் கூடவே சொல்லிப் பார்த்தாள். செருப்புக்கூட போடாம ஓடி வந்திருப்பா. நம்பியிருக்கிறார். கடைசி மூச்சு வரைக்கும் நம்பியிருக்கிறார். உலகமே நம்பாத ஒன்றை, படுக்கையில் கிடந்தபடி, யாரும் சாட்சி சொல்லாமல் அந்த மனிதர் நம்பியிருக்கிறார்!

"இன்னொரு தடவ..."

மூன்றாம் தடவை மகளால் முடிக்க முடியவில்லை. "அம்மா!" என்று வீறிட்டு அவள் மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். பதின்மூன்று வயதில் அவள் தட்டிவிட்ட அம்மாவின் இரண்டு கைகளும் இப்போது அவளைச் சுற்றி வளைத்துக்கொண்டன. நர்ஸம்மா அழுதாள். எந்தச் சொல்லில் விழ வேண்டும் என்று யாரும் சொல்லாத கண்ணீர். மூக்கு ஒழுகி, வாய் கோணி, சத்தம் போட்டு அழுதாள். பார்க்க அவ்வளவு அழகாக இல்லை.

"என்ன மன்னிச்சிடும்மா... என்ன மன்னிச்சிடு..."

"உன்ன எதுக்குடி மன்னிக்கணும்? இத பத்திரமா வெச்சிருந்து குடுத்திருக்கியே! நீ அன்னிக்கே சொல்லியிருந்தாலும் நான் அழுதுதான் இருப்பேன். விடு... விடுடி என் தங்கம்..."

கூடத்தில் ரேடியோ இல்லை, பேச்சு இல்லை. வாசலில் டிவிக்காரர்கள் தங்களுக்குள் தாழ்ந்த குரலில் ஏதோ பேசிக்கொண்டிருந்தார்கள்.

கதவருகே நிழல் தட்டியது. நர்ஸம்மா நிமிர்ந்தாள். நாத்தனார் ஒரு சொம்புத் தண்ணீரோடு நின்றிருந்தாள். உள்ளே வரலாமா கூடாதா என்று தெரியாமல் ஒரு காலை வாசற்படியில் வைத்து மறு காலை வெளியில் வைத்திருந்தாள்.

"நான்... தண்ணி குடுத்துட்டுப் போறேன் அண்ணி..."

"போகாத. உள்ள வா." நர்ஸம்மா கட்டிலில் சிதறிக் கிடந்த தாள்களை ஒதுக்கி, தன் இடப்பக்கம் இடம் பண்ணினாள். "இங்க வந்து உக்காரு. உங்கண்ணன் பேசினது. நீயும் கேக்கணும்."

நாத்தனார் வந்து உட்கார்ந்தாள். மகள் நிமிர்ந்து, அத்தையின் கையையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டு, ஆஸ்பத்திரியில் அப்பாவைப் படுக்க வைத்ததிலிருந்து எல்லாவற்றையும் மறுபடி சொல்லத் தொடங்கினாள்.